காரணம் சொல்லாத மேதை

வார இறுதி வந்துவிட்டால் கியா பார்மில் சாலை நகராது. பிரிஞ்சாங்கிலிருந்து திரிங்காப் போகும் வழியில், சோளமும் ஸ்ட்ராபெரியும் கீரையும் விற்கும் கடைகளின் முன்னால் பேருந்துகள் வரிசை பிடித்து நிற்கும். வந்து போகிறவர்களுக்கு எங்கள் ஊர் என்றால் இந்தச் சந்தைதான். சந்தைக்குப் பின்னால் குன்றுகளில் காய்கறித் தோட்டங்கள். இன்னும் மேலே ஏறினால் தேயிலை. அந்தத் தேயிலையில்தான் என் பாட்டி கொழுந்து பறித்தார். தாத்தா ஆலையில் வேலை செய்தார். அப்பா இப்போது காய்கறி லாரி ஓட்டுகிறார்.

இது தாத்தாவைப் பற்றிய கட்டுரை அன்று. கணித மேதை சீனிவாச இராமானுஜனைப் பற்றியது. ஆனால் இராமானுஜனை நான் சரியாகப் படிக்கத் தொடங்கியதற்குத் தாத்தாதான் காரணம் என்பதால் அங்கிருந்து தொடங்குகிறேன்.

பல்கலைக்கழகத்தில் செயற்கை அறிவுத்திறன் பாடத்திற்கு ஒரு திட்டப்பணி செய்ய வேண்டியிருந்தது. வல்லுநர் முறைமை ஒன்றை உருவாக்க வேண்டும். ஒரு துறையில் தேர்ந்தவரின் அறிவை விதிகளாக எழுதிக் கணினிக்குள் சேர்ப்பதே வல்லுநர் முறைமை. இன்னது இருந்தால், இன்னதும் இருந்தால், இன்ன முடிவுக்கு வா என்ற வடிவில் ஒவ்வொரு விதியும் அமையும். விதிகள் சேர்ந்திருக்கும் இடம் அறிவுத்தளம். அவற்றை ஒன்றோடொன்று பொருத்தி முடிவு காணும் பகுதி ஊகப்பொறி. உங்களுக்குத் தெரிந்த ஒரு வல்லுநரைத் தேர்ந்தெடுங்கள் என்று விரிவுரையாளர் சொன்னார். நண்பர்கள் மருத்துவரையும் வாகனப் பட்டறைக்காரரையும் தேடிப் போனார்கள். நான் ஊருக்குப் பேருந்து ஏறினேன்.

பறித்த கொழுந்தை முதலில் வாட்டுவார்கள். காற்றோட்டத்தில் பரப்பி, ஈரம் பாதிக்குப் பாதி இறங்கும்வரை பல மணி நேரம் வைத்திருப்பார்கள். பிறகு உருட்டி, புளிக்க வைத்து, உலர்த்திச் சலிப்பார்கள். வாட்டம் போதுமா, புளிப்பு போதுமா என்பதை முடிவு செய்வதுதான் தாத்தாவின் வேலை. வாட்டத்துக்குக் கை, புளிப்புக்கு மூக்கு. ஒரு பிடி இலையை உள்ளங்கையில் அழுத்திப் பிடித்துத் திறப்பார். உருண்டை மெல்ல விரிந்தால் ஒரு கணக்கு, சட்டென்று விரிந்தால் வேறு கணக்கு. காம்பு முறியாமல் வளைகிறதா என்றும் பார்ப்பார். இதையெல்லாம் விதியாக எழுதுவது எளிது என்றுதான் நினைத்தேன்.

மூன்று நாளில் 37 விதிகள் எழுதினேன். ஒவ்வொன்றையும் வாசித்துக் காட்டும்போது தாத்தா தலையை ஆட்டுவார். பிறகு மழை நாளில் அப்படி இல்லை என்பார். மழை நாளில் எப்படி என்று கேட்டால், இலையைப் பார்த்தால் தெரிந்துவிடும் என்பார். பார்த்தால் என்ன தெரியும் என்று நான் மேலும் கேட்டால் அவருக்குக் கோபம் வரும். எனக்கும் வரும். பொய் சொல்கிறார் என்றோ மறைக்கிறார் என்றோ சொல்ல முடியாது. எப்படி முடிவுக்கு வந்தார் என்பது அவருக்கே தெரியவில்லை.

எங்கள் துறையில் இது பழைய தொல்லையாம். 1965இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் எட்வர்ட் ஃபைகன்பாம் முதலானோர் வேதிச் சேர்மங்களின் அமைப்பைக் கண்டறியும் டென்ட்ரல் என்ற நிரலைத் தொடங்கினார்கள். வல்லுநர் முறைமைகளுக்கெல்லாம் முன்னோடி அதுவே. அதைச் செய்தவர்கள் கண்டுகொண்ட உண்மை என்னவென்றால், ஊகப்பொறியை எழுதுவது அவ்வளவு கடினமில்லை; வல்லுநரின் தலைக்குள் இருப்பதை வெளியே எடுப்பதுதான் கடினம். இதைப் படித்துக்கொண்டிருந்தபோதுதான் டக்ளஸ் லெனட் என்பவரின் பெயரோடு இராமானுஜனின் பெயரும் ஒரே பத்தியில் வந்தது. அதற்குப் பிறகு வருகிறேன். முதலில் வாழ்க்கையைப் பார்ப்போம்.

1887ஆம் ஆண்டு டிசம்பர் 22ஆம் நாள் ஈரோட்டில், தாய்வழிப் பாட்டி வீட்டில் இராமானுஜன் பிறந்தார். வளர்ந்தது கும்பகோணம் சாரங்கபாணி சன்னிதித் தெருவில். தந்தை சீனிவாச ஐயங்கார் ஒரு துணிக்கடையில் கணக்கர். தாய் கோமளத்தம்மாள் கோயிலில் பாடுவார். வசதியில்லாத குடும்பம். இரண்டு வயதில் பெரியம்மை வந்து பிழைத்தார். பள்ளியில் கெட்டிக்காரர். 1904இல் நகர உயர்நிலைப் பள்ளியை முடித்தபோது கணிதத்திற்கான பரிசும், கல்லூரியில் படிக்க உதவித்தொகையும் கிடைத்தன.

அதற்கு ஓராண்டுக்கு முன்பு ஒரு புத்தகம் அவர் கைக்கு வந்தது. ஜார்ஜ் கார் என்ற ஆங்கிலேயர் தொகுத்த கணிதச் சுருக்க நூல். அந்த கார் பெரிய கணித அறிஞர் அல்லர். மாணவர்களைக் கேம்பிரிட்ஜ் தேர்வுக்குத் தயார் செய்யும் தனிப்பயிற்சி ஆசிரியர். நம் ஊர் டியூஷன் வாத்தியார் என்று வைத்துக்கொள்ளலாம். ஏறத்தாழ 5,000 முடிவுகளை வரிசை எண் போட்டு அடுக்கியிருந்தார். நிரூபணங்கள் மிகக் குறைவு. இருந்தாலும் ஓரிரு வரிக் குறிப்புதான். தேர்வுக்கு மனப்பாடம் செய்கிறவனுக்கு அது போதும். இராமானுஜன் அதை மனப்பாடம் செய்யவில்லை. ஒவ்வொரு முடிவையும் தாமே நிறுவிப் பார்த்தார். ஒன்றை நிறுவப் போய் அதில் இல்லாத வேறு பத்தைக் கண்டார். அவற்றை நோட்டுப் புத்தகத்தில் கார் எழுதிய அதே முறையில் எழுதினார். அதாவது முடிவு மட்டும், வழி கிடையாது.

இந்த இடத்தில் எனக்குப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டுச் சற்று நேரம் உட்கார்ந்திருக்கத் தோன்றியது. கார் எழுதியது ஓர் அறிவுத்தளம்தானே? 5,000 விதிகள், காரணம் இல்லாமல். அதைப் பெற்றுக்கொண்ட பதினைந்து வயதுப் பையனின் தலையில் ஊகப்பொறி ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது. புத்தகமும் பையனும் சந்தித்தபோது நடந்ததை எந்தப் பள்ளியும் திட்டமிட்டுச் செய்திருக்க முடியாது.

தாள் விலை கட்டுப்படியாகாததால் சிலேட்டில் போட்டுப் பார்த்து முழங்கையால் அழிப்பார் என்பதும், முடிவை மட்டும் நோட்டில் ஏற்றுவார் என்பதும் அவரைப் பற்றி எழுதிய எல்லாரும் சொல்வது. வழி ஏன் எழுதப்படவில்லை என்பதற்கு வறுமையும் ஒரு காரணம். தாத்தாவுக்கும் எனக்கும் நடந்த சண்டையை நினைக்கும்போது அது மட்டும் காரணமாக இருக்க முடியாது என்றும் தோன்றுகிறது.

கும்பகோணம் அரசுக் கல்லூரியில் அவர் கணிதம் ஒன்றையே பார்த்தார். ஆங்கிலக் கட்டுரைத் தாளில் தோற்றார். உதவித்தொகை போயிற்று. 1905இல் வீட்டில் சொல்லாமல் விசாகப்பட்டினத்துக்கு இரயிலேறிவிட்டார். 1906இல் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் மீண்டும் சேர்ந்தார். இடையில் வயிற்றுப்போக்கு நோய் வந்து ஊருக்குத் திரும்ப வேண்டியதாயிற்று. தேர்வில் மறுபடியும் தோல்வி. அடுத்த ஆண்டும் தோல்வி. அந்த வயிற்றுப்போக்கை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு முடித்தபோது மலாய் கட்டுரைத் தாளில் நானும் தேறவில்லை. அதனால் இடைநிலைப்பள்ளியில் ஓராண்டு புகுமுக வகுப்பில் உட்கார்ந்தேன். என்னோடு தமிழ்ப்பள்ளியில் படித்தவர்கள் படிவம் ஒன்றுக்குப் போய்விட்டார்கள். கணிதத்தில் நான் அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தவன். ஒப்பிடுவதற்காக இதைச் சொல்லவில்லை. மேதையோடு ஒப்பிட்டுக்கொள்ள எனக்கு என்ன இருக்கிறது? ஆங்கிலக் கட்டுரையில் தோற்று வீதியில் நின்ற பையனின் முகம் எனக்குத் தெரியும் என்பதற்காகச் சொன்னேன். இந்த இதழைப் படிக்கும் சிலருக்கும் தெரிந்திருக்கும்.

1909இல் ஜானகியுடன் திருமணம் நடந்தது. ஜானகிக்கு அப்போது பத்து வயது. அதன்பின் வேலை தேடும் படலம். கையில் நோட்டுப் புத்தகங்கள். வேறு சான்றிதழ் இல்லை. இந்தியக் கணிதக் கழகத்தைத் தோற்றுவித்த வி. இராமசாமி ஐயர் திருக்கோவிலூரில் துணை ஆட்சியராக இருந்தார். இராமானுஜன் அவரிடம் குமாஸ்தா வேலை கேட்கப் போனார். நோட்டைப் புரட்டிப் பார்த்த ஐயர், இவரைக் குமாஸ்தாவாக்கினால் பாவம் என்று நினைத்து சென்னைக்குக் கடிதம் கொடுத்து அனுப்பினார். நெல்லூர் ஆட்சியர் இராமச்சந்திர ராவ் மாதம் 25 ரூபாய் கொடுத்து ஆதரித்தார். 1911இல் பெர்னூலி எண்களைப் பற்றிய முதல் ஆய்வுக் கட்டுரை இந்தியக் கணிதக் கழக இதழில் வெளிவந்தது. 1912 மார்ச் 1ஆம் நாள் சென்னைத் துறைமுகக் கழகத்தில் கணக்குப் பிரிவுக் குமாஸ்தா, மாதம் 30 ரூபாய். ஐயர் எதைத் தவிர்க்க நினைத்தாரோ அதுவே நடந்தது என்றாலும், அங்கே தலைமைக் கணக்கராக இருந்த நாராயண ஐயர் கணிதம் அறிந்தவர். மேலதிகாரி சர் பிரான்சிஸ் ஸ்பிரிங்கும் தடுக்கவில்லை. நல்ல அலுவலகம் வாய்ப்பதும் ஒரு கொடுப்பினைதான்.

1913 ஜனவரி 16ஆம் நாள் கேம்பிரிட்ஜில் இருந்த ஜி. எச். ஹார்டிக்குக் கடிதம் எழுதினார். அதற்கு முன் இரண்டு பேராசிரியர்களுக்கு எழுதிப் பயனில்லை. ஹார்டிக்குப் போன கடிதத்தில் பக்கம் பக்கமாகச் சூத்திரங்கள். ஒன்றுக்கும் நிரூபணம் இல்லை. சில ஹார்டிக்கு ஏற்கெனவே தெரிந்தவை. சில முயன்றால் நிறுவக்கூடியவை. சில அவர் கண்டதே இல்லாதவை. பகா எண்களைப் பற்றிய சில முடிவுகள் தவறானவை. இது முக்கியம். இராமானுஜன் சொன்னதெல்லாம் சரி என்று மேடைகளில் பேசுகிறார்கள், அப்படி இல்லை. சரியானதும் தவறானதும் ஒரே உறுதியோடு ஒரே தாளில் எழுதப்பட்டிருந்தன. எது எது என்று பிரிக்க ஹார்டியும் அவர் நண்பர் லிட்டில்வுட்டும் ஓர் இரவு உட்கார வேண்டியிருந்தது. மோசடிக்காரன் ஒருவன் இவற்றைக் கற்பனை செய்திருக்க முடியாது என்ற முடிவுக்கு அவர்கள் வந்தார்கள்.

ஹார்டி பதில் எழுதினார். நிரூபணங்களை அனுப்பச் சொன்னார். இராமானுஜன் அனுப்பியது மேலும் சூத்திரங்களை.

இங்கே நம் பாடத்துக்கு வருகிறேன். 1970களில் ஸ்டான்ஃபோர்டில் எட்வர்ட் ஷார்ட்லிஃப் உருவாக்கிய மைசின் என்ற முறைமையைப் பற்றி எல்லாப் பாடநூலிலும் இருக்கும். இரத்தத்தில் பரவும் கிருமித் தொற்றைக் கண்டறிந்து மருந்து பரிந்துரைக்கும் நிரல் அது. இறுதியில் ஏறத்தாழ 600 விதிகள் இருந்தன. அதன் சிறப்பு விதிகளின் எண்ணிக்கையில் இல்லை. மருத்துவர் அதனிடம் இரண்டு கேள்விகள் கேட்கலாம். இந்தத் தகவலை ஏன் கேட்கிறாய் என்பது ஒன்று; இந்த முடிவுக்கு எப்படி வந்தாய் என்பது மற்றொன்று. பயன்படுத்திய விதிகளை அது வரிசையாகக் காட்டும். விளக்கம் தராத முறைமையை ஒரு மருத்துவர் நம்பமாட்டார் என்பதை அதைச் செய்தவர்கள் உணர்ந்திருந்தார்கள். ஹார்டி கேட்டதும் அதே இரண்டாவது கேள்விதான். இராமானுஜனிடம் அதற்குப் பதில் இல்லை. நாமக்கல் நாமகிரித் தாயார் கனவில் தந்தாள் என்று அவர் சொன்னதாகக் கூறுவார்கள். அதைச் சிலர் பக்தியாகவும் சிலர் மூடநம்பிக்கையாகவும் பார்க்கிறார்கள். தாத்தாவிடம் மூன்று நாள் மல்லுக்கட்டியவன் என்ற முறையில் நான் வேறு மாதிரி பார்க்கிறேன். தம் தலைக்குள் நடப்பது தமக்கே தெரியாத நிலையில், தமக்குத் தெரிந்த மொழியில் அவர் தந்த நேர்மையான விளக்கம் அது.

1913 மே முதல் சென்னைப் பல்கலைக்கழகம் மாதம் 75 ரூபாய் ஆய்வு உதவித்தொகை தந்தது. கடல் கடக்க முதலில் மறுத்தவர், கேம்பிரிட்ஜிலிருந்து வந்த நெவில் என்ற இளம் விரிவுரையாளரின் முயற்சியால் இணங்கினார். 1914 மார்ச் 17ஆம் நாள் நெவாசா என்ற கப்பலில் புறப்பட்டு ஏப்ரலில் இலண்டன் சேர்ந்தார். ஆகஸ்டில் உலகப் போர் மூண்டது. லிட்டில்வுட் போர்ப் பணிக்குப் போய்விட்டார்.

ஹார்டிக்கு ஒரு சிக்கல். இராமானுஜனுக்கு நிரூபணம் என்றால் என்னவென்று கற்பிக்க வேண்டும். அளவுக்கு மீறிக் கற்பித்தால் அந்த ஊற்று அடைபட்டுவிடுமோ என்ற அச்சமும் இருந்தது. ஆகவே முறையாகப் பாடம் நடத்தாமல், சேர்ந்து வேலை செய்துகொண்டே கொஞ்சம் கொஞ்சமாகச் சொல்லிக் கொடுத்தார். வல்லுநரிடமிருந்து அறிவை வாங்கி விதியாக எழுதுபவரை அறிவுப் பொறியாளர் என்கிறோம். அந்தச் சொல் பிறக்கும் முன்பே ஹார்டி அந்த வேலையைச் செய்தவர். என்னைவிடப் பொறுமையாகச் செய்தார் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

1915இல் வெளிவந்த ஒரு நீண்ட கட்டுரைக்காக 1916 மார்ச்சில் இராமானுஜனுக்குக் கேம்பிரிட்ஜ் பட்டம் கிடைத்தது. இரண்டு கல்லூரிகளில் தேறாதவருக்குக் கிடைத்த முதல் பட்டம். அந்தக் கட்டுரை மிகு பகு எண்களைப் பற்றியது. பெயரைக் கண்டு மிரள வேண்டாம். கியா பார்மில் காய்கறி கட்டுபவர்கள் எல்லாருக்கும் அது தெரியும். 60 கட்டுக் கீரை இருந்தால் இரண்டு கடைக்கு, மூன்று கடைக்கு, நான்கு, ஐந்து, ஆறு கடைக்கு என்று எப்படியும் சமமாகப் பிரிக்கலாம். 59 கட்டு இருந்தால் தலைவலி. 60ஐ மீதியின்றி வகுக்கும் எண்கள் 12. அதைவிடச் சிறிய எந்த எண்ணுக்கும் அத்தனை வகுஎண்கள் இல்லை. தன்னைவிடச் சிறிய எல்லா எண்களையும்விட அதிக வகுஎண்கள் கொண்ட எண்ணே மிகு பகு எண். 12, 24, 36, 48, 60, 120 எல்லாம் அவ்வகை. பகா எண்களுக்கு நேர் எதிரான இனம். எல்லாரும் பகா எண்களைத் துரத்திக்கொண்டிருந்தபோது இவர் எதிர்ப்பக்கம் திரும்பிப் பார்த்தார். இத்தகைய எண்ணைப் பகா எண்களின் பெருக்கமாக எழுதினால் அடுக்குகள் எப்போதும் இறங்கு வரிசையில்தான் இருக்கும், ஓர் அடுக்கு முந்தையதைத் தாண்டாது என்று காட்டினார். 4, 36 என்ற இரண்டைத் தவிர மற்றவற்றில் கடைசிப் பகா எண்ணின் அடுக்கு 1 என்றும் நிறுவினார். இம்முறை நிரூபணங்களோடு.

இனி லெனட்டிடம் வரலாம். 1976இல் டக்ளஸ் லெனட் தம் முனைவர் பட்டத்திற்காக ஏஎம் என்ற நிரலை எழுதினார். கணத்தைப் பற்றிய 115 அடிப்படைக் கருத்துகளையும், எது சுவையானது, எதைத் தொடர்ந்து பார்க்கலாம் என்று வழிகாட்டும் ஏறத்தாழ 250 அனுபவ விதிகளையும் கொடுத்து ஓடவிட்டார். அது தானாகவே கூட்டலையும் பெருக்கலையும் வகுஎண்களையும் கண்டது. பகா எண்களைக் கண்டது. பிறகு யாரும் எதிர்பாராமல், மிக அதிக வகுஎண்கள் கொண்ட எண்கள் கவனிக்கத்தக்கவை என்று குறித்தது. லெனட் அப்படி ஒன்றைக் கேள்விப்பட்டதில்லை. புதிதாக ஏதோ கண்டுபிடித்துவிட்டது என்று மகிழ்ந்தார். தேடிப் பார்த்தபோது, ஏறத்தாழ 60 ஆண்டுகளுக்கு முன்பே கும்பகோணத்துக்காரர் ஒருவர் அதை ஆராய்ந்து முடித்திருந்தார்!

இதைப் படித்தபோது விடுதி அறையில் நான் தனியாகச் சிரித்தேன். ஆனால் மெச்சிக்கொள்வதற்கும் ஓர் எல்லை உண்டு. ஏஎம் அந்த எண்களைச் சுட்டிக்காட்டியதோடு சரி. அவற்றின் அமைப்பைப் பற்றி இராமானுஜன் சொன்னதில் ஒன்றையும் நிறுவவில்லை. கொடுத்த அனுபவ விதிகள் தீர்ந்ததும் புதிதாகச் சுவையான எதையும் காணாமல் தேங்கிவிட்டது. அதில் லெனட்டின் பங்கு எவ்வளவு, நிரலின் பங்கு எவ்வளவு என்று பின்னாளில் ஆய்வாளர்கள் கேள்வி எழுப்பினார்கள். லெனட்டும் அனுபவ அறிவு போதாமையே காரணம் என்று கருதி, 1984இல் பொது அறிவை விதிவிதியாக எழுதிச் சேர்க்கும் சைக் என்ற பெரும்பணியைத் தொடங்கினார். 2023இல் இறக்கும்வரை அதுவே அவர் வாழ்வாக இருந்தது.

இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். இராமானுஜன் அந்தக் கட்டுரையில் நூற்றுக்கு மேற்பட்ட மிகு பகு எண்களின் அட்டவணை தந்திருக்கிறார். கடைசி எண் 6,746,328,388,800. கணிப்பொறி இல்லாத காலம், கையால் போட்டது. அதில் ஓர் எண் விடுபட்டுவிட்டது: 293,318,625,600. இதைப் படித்ததும் என் மடிக்கணினியில் ஒரு சிறு நிரல் எழுதி ஓட்டினேன். கண் இமைக்கும் நேரத்தில் விடுபட்ட எண் வந்து நின்றது. அதற்கு 5,040 வகுஎண்கள். 5,040 தானும் ஒரு மிகு பகு எண். மேதையின் பிழையைப் பிடித்துவிட்ட பெருமை எனக்கு ஐந்து நிமிடம்தான் நீடித்தது. என் நிரல் அவ்வளவு வேகமாக ஓடியதற்குக் காரணம், ஒவ்வோர் எண்ணாகப் பார்க்காமல் அடுக்குகள் இறங்கு வரிசையில் உள்ளவற்றை மட்டும் பார்க்கும்படி எழுதியிருந்தேன். அந்த விதி யாருடையது?

1729 என்ற டாக்சி எண் கதை எல்லாருக்கும் தெரிந்தது, தமிழ்ப்பள்ளியிலேயே கேட்டிருப்பீர்கள். மருத்துவமனைக்கு வந்த ஹார்டி தாம் வந்த வண்டியின் எண்ணில் சுவை இல்லை என்றதும், இரண்டு வகையில் இரு கன எண்களின் கூட்டலாக எழுதக்கூடிய மிகச் சிறிய எண் அது என்று படுக்கையிலிருந்தே இராமானுஜன் சொன்னது. பலருக்குத் தெரியாத செய்தி ஒன்று உண்டு. 9இன் கனமும் 10இன் கனமும் சேர்ந்தால் 12இன் கனத்தைவிட ஒன்றுதான் அதிகம் என்பது அவருடைய தாள்களிலேயே இருக்கிறது. வேறொரு பெரிய ஆராய்ச்சியின் நடுவே அந்த எண்ணை அவர் கையாண்டிருக்கிறார். அன்று அது வானத்திலிருந்து விழவில்லை. பல ஆண்டு உழைத்துச் சேர்த்த அறிவுத்தளத்திலிருந்து வந்தது.

ஹார்டியோடு சேர்ந்து செய்தவற்றுள் மிகப் பெரியது எண் பிரிவினை. 4 என்ற எண்ணை 4, 3+1, 2+2, 2+1+1, 1+1+1+1 என்று 5 வகையில் பிரிக்கலாம். 200ஐ எத்தனை வகையில் பிரிக்கலாம்? 3,972,999,029,388 வகையில். மக்மஹோன் என்பவர் கையால் கணக்கிட்டு வைத்திருந்த இந்த எண்ணை, 1918இல் வெளிவந்த இருவரின் சூத்திரம் அச்சுப் பிசகாமல் தந்தது. இராமானுஜனின் உள்ளுணர்வும் ஹார்டியின் ஒழுங்கும் இல்லாமல் அது பிறந்திருக்காது.

அதற்குள் உடல் கெட்டுவிட்டது. 1917இல் நோயில் விழுந்தார். போர்க்காலத்தில் மரக்கறி உணவு கிடைப்பது அரிது; குளிர்; தனிமை. மருத்துவர்கள் காசநோய் என்றார்கள்; வேறு சிலவும் சொன்னார்கள். மருத்துவமனை மாறி மருத்துவமனை. 1918 மே மாதம் இராயல் சொசைட்டி உறுப்பினர் சிறப்பும், அக்டோபரில் திரினிட்டி கல்லூரி ஆய்வாளர் பதவியும் வந்தன. திரினிட்டியில் அந்தப் பதவி பெற்ற முதல் இந்தியர் அவரே. சென்னைப் பல்கலைக்கழகம் ஆண்டுக்கு 250 பவுன் தர முன்வந்தபோது, பெற்றோருக்கு ஒரு பகுதியும் தம் செலவும் போக மீதியை ஏழைப் பிள்ளைகளின் கல்விக்குக் கொடுங்கள் என்று 1919 ஜனவரியில் கடிதம் எழுதினார். உதவித்தொகை இழந்து வீதியில் நின்ற பையன் அதை மறக்கவில்லை.

1919 மார்ச்சில் ஊர் திரும்பினார். சென்னை, கொடுமுடி, கும்பகோணம், மீண்டும் சென்னை. படுக்கையில் கிடந்தபடியே எழுதினார். 1920 ஜனவரியில் ஹார்டிக்கு எழுதிய கடைசிக் கடிதத்தில் போலித் தீட்டாச் சார்புகள் என்ற புதியவற்றைப் பற்றிச் சொன்னார். 17 எடுத்துக்காட்டுகள் இருந்தன. அவை என்னவென்று தெளிவான விளக்கம் இல்லை. அந்த விளக்கம் 2002இல் சுவெகர்ஸ் என்ற டச்சு மாணவரின் முனைவர் பட்ட ஆய்வில்தான் கிடைத்தது. 82 ஆண்டுகள்!

1920 ஏப்ரல் 26ஆம் நாள் சென்னைச் சேத்துப்பட்டில் இறந்தார். வயது 32.

1994இல் டி. ஏ. பி. யங் என்பவர் பழைய குறிப்புகளை ஆராய்ந்து, அது காசநோயாக இருந்திருக்க முடியாது, ஈரலைத் தாக்கிய அமீபா நோயாகவே இருக்கலாம் என்று எழுதினார். 1906இல் வந்த அந்த வயிற்றுப்போக்கு உடலுக்குள் தங்கிப் பல ஆண்டுகளுக்குப் பிறகு ஈரலுக்கு வந்திருக்கலாம் என்பது அவர் கருத்து. அந்நோய்க்கு அக்காலத்திலேயே மருந்து இருந்தது. முன்பு எப்போதாவது கடும் வயிற்றுப்போக்கு வந்ததுண்டா என்ற ஒரு கேள்வி, அதிலிருந்து ஒரு விதி. மைசின் போன்ற ஒன்று வரிசைப்படி கேட்டிருக்கக்கூடிய கேள்வி. எப்படி என்று உலகமே கேட்ட மனிதரிடம் இதைக் கேட்டு முடிவு வரை போனவர் யாரும் இல்லாமல் போய்விட்டார். மைசினும் கடைசிவரை எந்த மருத்துவமனையிலும் அன்றாடப் பயன்பாட்டுக்கு வரவில்லை என்பது வேறு கதை.

அவருக்குப் பிறகு நோட்டுப் புத்தகங்களைப் படித்து நிரூபணம் எழுதுவதே பலருக்கு வாழ்நாள் வேலையாயிற்று. அமெரிக்காவில் புரூஸ் பெர்ன்ட் 1985 முதல் 1998 வரை ஐந்து தொகுதிகள் வெளியிட்டார். மூவாயிரத்துக்கும் மேற்பட்ட முடிவுகள். பிழைகள் மிகச் சில. கடைசி ஆண்டில் எழுதிய தாள்கள் திரினிட்டி நூலகத்தில் யாரும் கவனிக்காமல் கிடந்தன. 1976இல் ஜார்ஜ் ஆண்ட்ரூஸ் அவற்றைக் கண்டெடுத்தார். லெனட்டின் நிரல் இராமானுஜனின் எண்களை மறுபடி கண்டதும் அதே ஆண்டில்தான். ஜானகி அம்மாள் திருவல்லிக்கேணியில் தையல் வேலை செய்து வாழ்ந்து 1994இல் மறைந்தார். கணவருக்கு வைப்பதாகச் சொன்ன சிலை வரவில்லை என்ற அவருடைய குறையைக் கேள்விப்பட்டு, உலகெங்கும் உள்ள கணித அறிஞர்கள் பணம் சேர்த்து 1980களில் ஒரு மார்பளவுச் சிலை செய்து கொடுத்தார்கள்.

என் திட்டப்பணியைப் பற்றிக் கேட்பீர்கள். வாட்டத்துக்கான விதிகள் ஓரளவு வேலை செய்கின்றன. புளிப்புக்கான பகுதி காலியாக இருக்கிறது. 2021இல் கொவிட் வந்து போன பிறகு தாத்தாவுக்கு மணம் தெரிவதில்லை. தேநீர்க் கோப்பையை மூக்கருகே கொண்டு போய் வைத்துவிட்டு, வெந்நீர் மாதிரி இருக்கிறது என்று பாட்டியிடம் சொல்வார். முப்பது ஆண்டு ஆலையில் மூக்கால் சாப்பிட்டவர். நினைவிலிருந்து சொல்லுங்கள் என்றால், பச்சை வாடை போய்ப் பழ வாடை வரும் என்பார். எந்தப் பழம் என்று கேட்டால் யோசிப்பார். ஒரு நாள் ஆப்பிள் என்றார். மறுநாள் அது ஆப்பிள் இல்லை என்றார். நான் ஏழாண்டு முன்னதாகக் கேட்டிருக்க வேண்டும். அப்போது எனக்கு வயது பதினைந்து, மலாய் கட்டுரை எழுதிப் பழகிக்கொண்டிருந்தேன்.

போன விடுமுறையில், விடுபட்ட அந்த எண்ணைத் தாத்தாவிடம் காட்டினேன். இராமானுஜன் யார் என்று விளக்கி, நூற்றுக்கு மேல் சரியாகப் போட்டவர் ஒன்றை மட்டும் விட்டுவிட்டார் என்றேன். அவர் எண்ணைப் பார்க்கவில்லை. அன்றைக்கு அவருக்குக் காய்ச்சலாக இருந்திருக்கும் என்றார். பிறகு எழுந்து வெளியே போய், வேலியோரம் நிற்கும் தேயிலைச் செடியில் நாலு கொழுந்து கிள்ளி வந்து என் கையில் வைத்தார். அழுத்திப் பிடிக்கச் சொன்னார். பிடித்துத் திறந்தேன். சட்டென்று விரிந்தது. இப்போது மழை வந்தால் இதே இலை எப்படி இருக்கும் என்று நாளைக் காலையில் பார் என்றார். நோட்டை எடுக்கப் போனேன். வேண்டாம், கையை மட்டும் வைத்துக்கொள் என்றார்.

மறுநாள் மழை பெய்யவில்லை. அடுத்த நாள் நான் பல்கலைக்கழகத்துக்குத் திரும்ப வேண்டியிருந்தது. தைப்பூச விடுமுறைக்குப் போகும்போது பெய்யும்.